பேராசிரியர் கையில கேமரா

கேள்வி: எகனாமிக்ஸ் புரொஃபசருங்க டாக்குமெண்டரி பண்ணா யாரு சார் உக்காந்து பார்ப்பாங்க?

பதில்: ஏன், பார்த்தாங்களே! 1977-ல ஜான் கென்னத் கால்பிரெய்த்னு ஒரு எகனாமிக்ஸ் புரொஃபசர் பிபிசிக்கு ஒரு தொடர் பண்ணாரு, பெரிய கம்பெனிங்களோட ஆதிக்கத்தை ஒரு பிடி பிடிச்சாரு, அதுக்குப் பதிலடி மாதிரி 1980-ல சந்தையை அதுபோக்குல விடணும்னு சொல்ற இன்னொரு புரொஃபசர் மில்டன் ஃப்ரீட்மேன், அமெரிக்காவோட பொது டிவி பிபிஎஸ்ல ‘ஃப்ரீ டு சூஸ்’னு 10 எபிசோட் இறக்கினாரு. 1976-லயே நோபல் வாங்குன மனுஷன், கையில சாதா பென்சிலை வச்சுக்கிட்டு, மரம் ஒரு ஊரு, கிராஃபைட் இன்னொரு ஊரு, இதைச் செஞ்சவங்க ஒருத்தரையொருத்தர் பார்த்ததுகூட இல்ல, விலைதான் எல்லாரையும் சேர்த்து வச்சுதுன்னு சொல்ற சீன் செம! அரசாங்கம் தலையிடாத சந்தைக்கு உதாரணம்னு ஹாங்காங்கை அந்த அளவுக்குத் தூக்கி வச்சதுதான் எனக்கு ஓவரா பட்டுது, அங்க நிலமே அரசாங்கத்தோடதுதானே. ஆனா ஒவ்வொரு எபிசோட் முடிவுலயும் எதிர்க்கருத்து உள்ளவங்களையும் கூப்பிட்டு உக்கார வச்சு வாதம் பண்ணாரு பாருங்க, அதுக்காகவே பார்க்கலாம்.