மீட்டரில் எதைப் பார்ப்பது? வாசகர் கேள்விகளும் பதில்களும்

கேள்வி: ரெக்கார்டிங்கில் சிவப்பு விளக்கு எரியாத அளவுக்கு லெவலை முடிந்தவரை ஏற்றி வைக்க வேண்டுமா?

பதில்: 16 பிட் (ஒலியின் ஒவ்வொரு சாம்பிளையும், அதாவது அளவுப் புள்ளியையும், எழுதும் எண்ணின் நீளம்) காலத்தில் அதற்கு நியாயம் இருந்தது. இன்று தேவையில்லை. ஒரு பிட்டுக்குச் சுமார் 6 டெசிபெல் என்ற கணக்கில், 24 பிட்டில் ஏறத்தாழ 144 டெசிபெல் இடம் இருக்கிறது. மைக்கின் இரைச்சலும் அறையின் இரைச்சலும் அதன் அடிமட்டத்துக்கு எவ்வளவோ மேலேதான் நிற்கும். சராசரி -18 டிபிஎஃப்எஸ் (டிஜிட்டலின் உச்ச அளவை 0 என்று வைத்து எண்ணும் டெசிபெல்) பக்கம், பீக் (நொடிப்பொழுது உச்சம்) -10 பக்கம் இருந்தால் போதும். பாடுபவர் திடீரென ஒரு வரியைத் தூக்கிப் பாடினாலும் டேக் பிழைக்கும்.

கேள்வி: சேனல் மீட்டர் 0-வைத் தாண்டிச் சிவப்பாகிறது. காதில் எந்தக் கோளாறும் தெரியவில்லை. விட்டுவிடலாமா?

பதில்: இன்றைய மிக்சிங் மென்பொருள்கள் பெரும்பாலும் உள்ளே 32 அல்லது 64 பிட் ஃப்ளோட்டில் (0-வுக்கு மேலும் இடம் தரும் எண்முறை) கணக்கிடுகின்றன. அதனால் சேனலில் 0-வைத் தாண்டினாலும் அலை வெட்டுப்படாது. வெட்டு விழுவது வெளியே போகும் இடத்தில்: கன்வர்ட்டருக்கு (எண்களை மின் அலையாக மாற்றும் கருவி) போகும்போது, அல்லது 24 பிட் ஃபைலாக எக்ஸ்போர்ட் செய்யும்போது. மாஸ்டர் ஃபேடரை (மொத்த ஒலியின் லெவலை ஏற்றி இறக்குவது) இறக்கினால் அதைத் தடுக்கலாம். ஆனால் ஃபேடருக்கு முன்னால் உட்கார்ந்திருக்கும் கம்ப்ரசருக்கு (சத்தமான இடங்களை அமுக்குவது) அதே மிகையான லெவல்தான் போய்க்கொண்டிருக்கும். சேனலின் தொடக்கத்திலேயே கெயினைக் குறையுங்கள்.

கேள்வி: வியூ மீட்டரில் (சராசரிச் சத்தத்தைக் காட்டும் முள் மீட்டர்) ஸ்நேர் டிரம் அடி ஏன் பதிவதே இல்லை?

பதில்: அதன் முள் மெதுவானது. 1939-இல் அமெரிக்க வானொலிக்காக வகுக்கப்பட்டபோதே, நிலையான ஒலிக்கு முள் 0-வை எட்ட 300 மில்லிசெகண்ட் என்று வைத்தார்கள். ஸ்நேரின் முதல் தாக்குதல் சில மில்லிசெகண்டில் முடிந்துவிடும். முள் கிளம்புவதற்குள் ஒலி போய்விடும். பீக்கைப் பிடிக்க அதை நம்பாதீர்கள். அதன் பலம் பாஸ், கிக் டிரம், குரல் ஆகியவற்றின் எடையைக் காட்டுவது. 0 வியூ என்பதை -18 டிபிஎஃப்எஸ் என்று அமைத்துக்கொள்ளுங்கள். கிக்கை மட்டும் ஒலிக்கவிட்டு முள்ளை -3-இல் நிறுத்துங்கள். பிறகு பாஸை ஏற்றுங்கள். இரண்டும் சேர்ந்து 0-வைத் தொடும் இடம் பல பாடல்களுக்கு நல்ல தொடக்கம். அதன் பிறகு ஃபேடரைக் காது நகர்த்தட்டும்.

கேள்வி: ஸ்ட்ரீமிங்குக்கு -14 லஃப்ஸில்தான் (காதுக்குத் தெரியும் சத்தத்தின் அளவு) மாஸ்டர் செய்ய, அதாவது இறுதி வடிவம் தர, வேண்டுமா? என் பாடல் -9-இல் இருக்கிறது.

பதில்: கட்டாயமில்லை. ஸ்பாட்டிஃபை வழக்கமாக -14-க்குச் சமன் செய்கிறது; ஆப்பிள் மியூசிக்கின் சவுண்ட் செக் -16-க்கு. உங்கள் -9 பாடலை ஸ்பாட்டிஃபை 5 டெசிபெல் இறக்கி ஒலிக்கும். அப்போது கூடுதல் சத்தம் போய்விடும், லிமிட்டர் (பீக்கை ஒரு வரம்புக்கு மேல் விடாமல் அமுக்குவது) நசுக்கிய தாளம் மட்டும் அப்படியே தங்கும். கேட்க வேண்டிய கேள்வி இதுதான்: 5 டெசிபெல் இறக்கிய பிறகும் அந்த நெருக்கம் பிடித்திருக்கிறதா? மாஸ்டரையும் லிமிட்டர் போடாத மிக்சையும் ஒரே லஃப்ஸுக்குக் கொண்டுவந்து மாற்றி மாற்றிக் கேளுங்கள். சத்தத்தின் மயக்கம் நீங்கியதும் எது உயிரோடு இருக்கிறது என்பது சட்டென்று விளங்கும். பாடலுக்கு அடர்த்தி வேண்டுமென்றால் -9 இருக்கட்டும், நான் தடுக்க மாட்டேன்.

இன்னொன்று: முழுப் பாடலுக்கான லஃப்ஸ், மிக மெல்லிய பகுதிகளைக் கணக்கில் சேர்ப்பதில்லை. சராசரியைவிட 10 டெசிபெல்லுக்கு மேல் தாழ்ந்தவை விலக்கப்படும். ஆகவே நீண்ட மென்மையான முன்னிசை அந்த எண்ணை நீங்கள் நினைக்கும் அளவுக்குக் குறைக்காது.

கேள்வி: லிமிட்டரை -0.1-இல் வைத்தும் ட்ரூ பீக் மீட்டர் 0-வுக்கு மேல் காட்டுகிறதே?

பதில்: சாதாரண பீக் மீட்டர் சாம்பிள் புள்ளிகளை மட்டும் பார்க்கிறது. கன்வர்ட்டர் அவற்றை அலையாக இணைக்கும்போது இரண்டு புள்ளிகளுக்கு நடுவே முகடு உயரலாம்; ட்ரூ பீக் மீட்டர் காட்டுவது அதைத்தான். எம்பி3, ஏஏசி ஆக்கும்போதும் பீக் ஏறும். லிமிட்டரில் ட்ரூ பீக்கை இயக்கி, உச்ச வரம்பை -1-இல் வையுங்கள். மாஸ்டர் மிகச் சத்தமானது என்றால் -2 பாதுகாப்பு.

கேள்வி: கோரிலேஷன் மீட்டர் (இடது, வலது ஒலிகள் எவ்வளவு ஒத்துப்போகின்றன என்று காட்டுவது) அவ்வப்போது 0-வுக்குக் கீழே போகிறது. ஆபத்தா?

பதில்: நொடிப்பொழுது போய்த் திரும்பினால் இல்லை. அங்கேயே தங்கினால் மோனோவில் (இடது, வலதை ஒன்றாகச் சேர்த்து) போட்டுப் பாருங்கள்; எந்தக் கருவி மெலிகிறதோ அதன் ஸ்டீரியோ அகலத்தைக் குறையுங்கள்.