அரிவாள் செல்லும் மலேரியாவும் – கடிதம், பதில்

வணக்கம்.

கூடலூர் பக்கம் ஓர் அரசுப் பள்ளியில் உயிரியல் நடத்துகிறேன். என் வகுப்பில் பழங்குடிப் பிள்ளைகள் பலர் படிக்கிறார்கள். தீமை செய்யும் மரபணுவை இயற்கைத் தேர்வு நாளடைவில் கழித்துவிடும் என்று பாடம் சொல்லித் தருகிறேன். அதே வகுப்பில் அரிவாள் செல் எனப்படும் சிக்கிள் செல் நோயால் அடிக்கடி வரமுடியாமல் போகும் பிள்ளையும் இருக்கிறது. அப்படியென்றால் இந்த மரபணு ஏன் இன்னும் கழியவில்லை? "அவர்களுக்குள்ளேயே கட்டிக்கொள்வதால் வந்த நோய்" என்கிறார் உடன் பணியாற்றும் ஆசிரியர் ஒருவர். அது சரிதானா?

இன்னொன்று. என் பழைய மாணவி ஒருத்திக்கு வரன் பேசி முடித்திருக்கிறார்கள். அவள் கேரியர் (நோயில்லாமல் அந்த மரபணுவின் ஒரு பிரதியைச் சுமப்பவள்), அதற்கான அட்டை வைத்திருக்கிறாள். பையனுக்கு முகாமில் ரத்தம் எடுத்துப் பார்த்து 'நெகட்டிவ்' என்று சொல்லிவிட்டார்களாம். இனி பயமில்லை என்று அவளிடம் சொல்லலாமா?

– ஓர் ஆசிரியை, நீலகிரி மாவட்டம்

அன்புள்ள ஆசிரியைக்கு,

இரண்டாவது கேள்விதான் அவசரம் என்பதால் அதற்கு முதலில் ஒரு வரி: இப்போதைக்குச் சொல்ல வேண்டாம். பையனுக்கு எச்.பி.எல்.சி. என்ற ரத்தப் பரிசோதனை செய்த பிறகு சொல்லுங்கள். ஏன் என்பது உங்கள் முதல் கேள்வியோடு பின்னிக் கிடக்கிறது.

பாடத்தில் இருப்பது பொய்யில்லை, பாதி உண்மை. ஒரு மரபணு தீமையா நன்மையா என்பது ஒருவரிடம் அதன் எத்தனை பிரதி இருக்கிறது, அந்த ஊரில் என்ன நோய் இருக்கிறது என்பதைப் பொறுத்து மாறும். ஹீமோகுளோபினின் பீட்டா சங்கிலியில் 146 அமினோ அமிலங்கள் உண்டு. ஆறாவது இடத்தில் குளூட்டாமிக் அமிலம் இருக்க வேண்டும்; சிக்கிள் ஹீமோகுளோபினில் அங்கே வேலின் உட்கார்ந்திருக்கிறது. வித்தியாசம் இவ்வளவே. ஆனால் ஆக்சிஜனை இறக்கிவிட்டதும் இந்த மூலக்கூறுகள் ஒன்றோடொன்று ஒட்டிக் கம்பிபோல நீள்கின்றன. சிவப்பணு அரிவாளாக வளைந்து விறைத்து நுண்ணிய ரத்தக்குழாய்களை அடைக்கிறது. எலும்புக்குள் குடைகிற வலி அங்கிருந்து வருவதுதான். 120 நாள் வாழவேண்டிய அணு 10, 20 நாளில் உடைந்துபோவதால் சோகை.

இதெல்லாம் தாய், தகப்பன் இருவரிடமிருந்தும் அந்த ஜீன் வந்தால்தான். ஒரு பிரதி மட்டும் உள்ள கேரியரின் சிவப்பணுவில் ஏறக்குறைய 40 சதவீதம்தான் சிக்கிள் வகை. அன்றாட வாழ்க்கையில் அணு வளையாது. ஃபால்சிபாரம் மலேரியாக் கிருமி உள்ளே புகுந்தால் கதை மாறுகிறது. கிருமி இருக்கும் அணு சீக்கிரம் வளைகிறது, மண்ணீரல் அதைப் பிடித்து அழித்துவிடுகிறது. ஆக்சிஜன் குறைந்த இடங்களில் கிருமியின் வளர்ச்சியும் தடைபடுகிறது. மூளையின் ரத்தக்குழாய்ச் சுவரில் ஒட்டிக்கொள்ள அது அணுவின் மேல்பரப்புக்கு அனுப்பும் புரதமும் சரியாகப் போய்ச் சேர்வதில்லை. கேரியருக்கும் மலேரியா வரும். ஆனால் உயிரைப் பறிக்கும் கடும் மலேரியாவிலிருந்து அவருக்கு 90 சதவீதம் அளவுக்குப் பாதுகாப்பு இருக்கிறது. இரண்டு பிரதி உள்ள நோயாளிக்கு இந்தப் பாதுகாப்பு பயன்படாது. அவருக்கு மலேரியா வந்தால் மிக ஆபத்து.

இதைக் கிழக்கு ஆப்பிரிக்காவில் ஆராய்ந்து 1954ல் எழுதியவர் ஆண்டனி ஆலிசன். அதற்கு 2 ஆண்டு முன்பே, 1952ல், லேமன், கட்புஷ் என்ற ஆய்வாளர்கள் நீலகிரிப் பழங்குடி மக்களின் ரத்தத்தில் சிக்கிள் அணுவைக் கண்டு எழுதிவிட்டார்கள். உங்கள் பிள்ளைகளுக்கு இதைக் கட்டாயம் சொல்லுங்கள். உலகப் பாடப்புத்தகங்களில் வரும் ஓர் அறிவியல் வரலாற்றில் அவர்கள் மலைக்கும் பங்கு இருக்கிறது.

இனி கரும்பலகையில் போட ஒரு கணக்கு. மலேரியா மிகுந்த ஒரு காட்டில் 100 குழந்தைகள் பிறக்கிறார்கள் என்று வையுங்கள். 81 பேருக்குச் சிக்கிள் ஜீன் இல்லை, 18 பேர் கேரியர், ஒரு குழந்தைக்கு நோய். மொத்தம் 200 பிரதிகள்: சாதாரண ஜீன் 180, சிக்கிள் 20. நோயுள்ள குழந்தை இறந்தால் சிக்கிள் பிரதி 2 குறைகிறது. மலேரியா அந்த 81ல் 9 பேரைக் கொண்டுபோனால் சாதாரணப் பிரதி 18 குறைகிறது. மிச்சம் 162, 18. விகிதம் முன்போலவே ஒன்பதுக்கு ஒன்று. இரண்டு பக்கமும் பத்தில் ஒரு பங்கு இழப்பு, தராசு அசையவில்லை. அந்தக் காட்டில் சிக்கிள் ஜீன் முழுக்கக் கழிந்திருந்தால் இன்னும் பல குழந்தைகள் காய்ச்சலில் போயிருப்பார்கள். எங்கள் பிள்ளைகளின் ரத்தத்தில் குறை இருக்கிறது என்று தலைகுனியும் தாய்மாருக்கு இதை யாராவது பொறுமையாக எடுத்துச் சொல்ல வேண்டும் என்பது என் ஆசை.

உங்கள் சக ஆசிரியர் காரணத்தை மாற்றிப் பிடித்திருக்கிறார். உறவுக்குள் கட்டுவது இந்த ஜீனை உண்டாக்காது. ஏற்கெனவே இருக்கும் இரண்டு பிரதிகள் ஒரே குழந்தையில் சேரும் வாய்ப்பை மட்டும் கூட்டும். மாணவிக்கு அது தாய்வழி வந்திருந்தால், தாய்மாமனிடம் அது இருக்க இரண்டில் ஒரு வாய்ப்பு, மாமன் மகனிடம் இருக்க நாலில் ஒன்று. இது பழங்குடியினருக்கு மட்டும் உரிய நோயும் இல்லை. வயநாடன் செட்டி சமூகத்தாரிடமும் பரவலாக உண்டு. மலேரியா நிறைந்த அதே காட்டில் தலைமுறைகளாக வாழ்ந்தவர்களின் ரத்தத்தில் மலேரியா விட்ட தடம் இது. தலசீமியாவும் (ஹீமோகுளோபின் போதிய அளவு உருவாகாத பரம்பரை நோய்) ஜி6பிடி குறைபாடும் (சிவப்பணுவில் ஒரு நொதியின் குறைவு) இதே வகைத் தடங்கள்தான்.

மலேரியா ஒழிந்தால் தானாகவே குறையும்தானே என்று வகுப்பில் ஒரு பிள்ளை கேட்கும். குறையும், ஆமை வேகத்தில். மலேரியாவே இல்லாமல், நோயுள்ளவர் எவருக்கும் வாரிசு இல்லை என்று கொடூரமாக வைத்துக்கொண்டாலும், 10 சதவீதம் உள்ள ஜீன் 5 சதவீதமாக 10 தலைமுறை ஆகும். ஏறத்தாழ 250 ஆண்டு. பெரும்பாலான பிரதிகள் நலமாக இருக்கும் கேரியர்களிடம் ஒளிந்திருப்பதே காரணம். ஆகவே இதில் பரிணாமத்தை நம்பிக் காத்திருக்க முடியாது. சிக்கிள் நோயை 2047க்குள் ஒழிப்பது என்ற இலக்கோடு 2023 ஜூலையில் தொடங்கிய தேசியத் திட்டம் பரிசோதனையையும் ஆலோசனையையும் முன்னால் வைப்பது அதனால்தான்.

இப்போது அந்தப் பையன். முகாமில் செய்வது பெரும்பாலும் சொலுபிலிட்டி டெஸ்ட். ரசாயனக் கரைசலில் ஒரு சொட்டு ரத்தம் விடுவார்கள். சிக்கிள் இருந்தால் கலங்கிப்போய், குழாய்க்குப் பின்னால் பிடித்த கோடுகள் தெரியாது. மலிவு, விரைவு. ஆனால் கேரியரையும் நோயாளியையும் அது பிரித்துச் சொல்லாது. கடும் சோகை இருந்தாலோ அண்மையில் ரத்தம் ஏற்றியிருந்தாலோ இருப்பதையும் இல்லை என்று காட்டிவிடலாம். ஆறு மாதத்துக்கு உட்பட்ட குழந்தைக்கு அதை நம்பவே கூடாது. எல்லாவற்றுக்கும் மேலாக, பீட்டா தலசீமியா கேரியரை அது கண்டுபிடிக்காது. தாயிடமிருந்து சிக்கிளும் தகப்பனிடமிருந்து பீட்டா தலசீமியாவும் வந்தால் குழந்தைக்கு வருவது சிக்கிள் நோய்தான். 'நெகட்டிவ்' என்ற சொல்லில் பல குடும்பங்கள் தவறிவிழும் இடம் இதுவே.

எச்.பி.எல்.சி. கருவி ஹீமோகுளோபின் வகைகளைச் சதவீதமாகப் பிரித்துக் காட்டும். ஏ2 என்ற வகை 3.5 சதவீதத்துக்கு மேல் இருந்தால் பீட்டா தலசீமியா கேரியராக இருக்கலாம். கடும் இரும்புச்சத்துக் குறைவு ஏ2 அளவைக் கீழே இறக்கிக் காட்டும் என்பதால் உடம்பின் இரும்பு இருப்பைக் காட்டும் ஃபெரிட்டினும் சேர்த்துப் பார்ப்பது நல்லது. ரத்தம் ஏற்றி மூன்று மாதம் ஆகாவிட்டால் பொறுத்துச் செய்ய வேண்டும்.

எல்லாம் சரியாக இருந்தால் அவர்களுக்குப் பிறக்கும் பிள்ளை கேரியராகலாம், நோயாளியாகாது. பையனும் சிக்கிள் அல்லது பீட்டா தலசீமியா கேரியர் என்று வந்தால், ஒவ்வொரு கர்ப்பத்திலும் நோய் வர நாலில் ஒரு வாய்ப்பு. முதல் குழந்தைக்கு வந்துவிட்டது, இனி மூன்றுக்கு வராது என்று எண்ணுவது தவறு. ஒவ்வொரு முறையும் புதிதாகச் சீட்டு குலுக்குவதுபோல. அப்போதும் அட்டையைக் காட்டிக் கல்யாணத்தை நிறுத்துவது நம் வேலையில்லை. கர்ப்பத்தின் 10 முதல் 13 வாரத்துக்குள் சிசுவின் மரபணுவைச் சோதிக்க வழி இருக்கிறது. அதற்கு முன்பே கணவன் மனைவி இருவரின் மரபணு மாற்றம் இன்னதென்று தெரிந்திருக்க வேண்டும். செய்வதா வேண்டாமா என்பதை அவர்கள்தான் முடிவெடுக்க வேண்டும்.

வகுப்பில் இருக்கும் அந்தப் பிள்ளைக்குச் சில. இந்தியாவில் பரவலாக உள்ள சிக்கிள் வகையில் கரு ஹீமோகுளோபின் (கருவில் இருக்கும்போது உருவாகும் வகை) கூடுதலாக இருப்பதால் சராசரியில் நோய் சற்று மிதம் என்பார்கள். அதை நம்பி அசட்டையாக இருந்து இழந்தவர்கள் உண்டு. ஹைட்ராக்ஸியூரியா என்ற மருந்து அந்தக் கரு ஹீமோகுளோபினை மேலும் கூட்டி வலி வரும் தடவைகளைக் குறைக்கும். தினமும் விடாமல் சாப்பிட வேண்டும், அவ்வப்போது ரத்த அணுக்களின் எண்ணிக்கை பார்க்க வேண்டும். இந்நோயில் சிறுநீரகத்தால் நீரை உடம்பில் தக்கவைக்க முடியாது. ஆகவே பிள்ளை தண்ணீர் பாட்டிலை மேசையில் வைத்துக்கொள்ளட்டும். சிறுநீர் கழிக்க எத்தனை முறை கேட்டாலும் அனுப்புங்கள். குளிரில் ஸ்வெட்டரோடு இருக்கட்டும். காய்ச்சல் 38.5 டிகிரி செல்சியஸைத் தாண்டினாலோ, நெஞ்சுவலி மூச்சிரைப்பு வந்தாலோ, இடது விலாவுக்குக் கீழே திடீரென்று வீங்கி முகம் வெளிறினாலோ, அன்றே மருத்துவமனைக்குப் போக வேண்டும். வீட்டில் ஐந்து வயதுக்கு உட்பட்ட தம்பி தங்கைக்கும் நோய் இருந்தால், தினம் இருவேளை பெனிசிலின் கொடுக்கப்படுகிறதா என்று கேளுங்கள். மண்ணீரல் சீக்கிரமே பழுதாகிவிடுவதால் நிமோனியாக் கிருமி அவர்களை எளிதில் தாக்கும்.

பள்ளியில் வாரந்தோறும் தரும் நீல நிற இரும்புச்சத்து மாத்திரையை நோயுள்ள பிள்ளைக்கு ஃபெரிட்டின் பார்க்காமல் கொடுக்க வேண்டாம். அணுக்கள் உடைவதிலிருந்து வரும் இரும்பு உடம்பிலேயே திரும்பச் சேர்கிறது, ரத்தம் ஏற்றினால் இன்னும் கூடும். கேரியர் பிள்ளைகள் மற்றவர்களைப் போலவே சாப்பிடலாம்.

பையனின் எச்.பி.எல்.சி. அறிக்கை வந்ததும் ஏ2 எவ்வளவு என்பதைக் குறித்து எழுதுங்கள்.

அன்புடன்.