தாவோ என்பது சும்மா இருப்பதா? வாசகர் கேள்விகளுக்குப் பதில்கள்

கேள்வி: தாவோயிசத்தைத் தோற்றுவித்தவர் லாவோட்சு என்று படித்தேன். அவர் உண்மையில் வாழ்ந்தவரா? அவருடைய நூல் எந்தக் காலத்தைச் சேர்ந்தது?
— கல்லூரி மாணவி, திருமங்கலம்

பதில்: லாவோட்சுவைப் பற்றி நமக்குக் கிடைத்துள்ள முதல் வாழ்க்கைக் குறிப்பு, கி.மு. 100ஆம் ஆண்டளவில் சீன வரலாற்றை எழுதிய சீமா சியென் தந்தது. லாவோட்சு சோ அரசவையின் ஆவணக் காப்பாளராக இருந்தார் என்றும், கன்பூசியஸ் அவரை நேரில் கண்டு பேசினார் என்றும், அரசு நலிவதைக் கண்டு அவர் மேற்கே புறப்பட்டபோது கணவாய்க் காவலர் கேட்டுக்கொண்டதற்கு இணங்க இரு பகுதிகள் கொண்ட ஒரு நூலை எழுதித் தந்துவிட்டுச் சென்றார் என்றும் அவர் சொல்கிறார். ஆனால் அதே இடத்தில் வேறு இருவரின் பெயர்களையும் குறிப்பிட்டு, இவர்களில் யார் லாவோட்சு என்பதை முடிவு செய்யாமலே விட்டுவிடுகிறார். அந்த நூலான ‘தாவோ தே ஜிங்’ (தாவோ என்றால் வழி) ஒருவர் எழுதியதன்று, பல தலைமுறை ஆசான்களின் வாய்மொழிகள் திரண்டு நூலானது என்பதே இன்றைய ஆய்வாளர் பலரின் கருத்து. எனக்கும் அதுவே பொருத்தமாகப் படுகிறது.

நூலின் பழமைக்கு மண்ணுக்கடியிலிருந்தே சான்று கிடைத்தது. ஹூனான் மாகாணத்து மாவாங்துய்யில், கி.மு. 168இல் மூடப்பட்ட ஒரு கல்லறையை 1973இல் அகழ்ந்தபோது, பட்டுத் துணியில் எழுதப்பட்ட இரண்டு படிகள் வெளிவந்தன. 1993இல் ஹூபெய் மாகாணத்துக் குவோதியனில், கி.மு. 300ஆம் ஆண்டையொட்டிய கல்லறையிலிருந்து நூலின் ஒரு பகுதியைத் தாங்கிய மூங்கில் பட்டைகள் கிடைத்தன. நம் மாங்குளம் குன்றில் நெடுஞ்செழியன் பெயரோடு சமண முனிவர்க்குக் குகைப்பள்ளி அமைத்துத் தந்ததைச் சொல்லும் தமிழி (தமிழ் பிராமி) எழுத்துக் கல்வெட்டைக் கல்வெட்டு ஆய்வாளர் ஐராவதம் மகாதேவன் கி.மு. 2ஆம் நூற்றாண்டில் வைத்தார். அந்தப் பட்டுச் சுவடிகளைக் கல்லறைக்குள் வைத்து மூடியதும் அதே நூற்றாண்டில்தான்.

நூல் உருவான சூழலையும் மறந்துவிடக் கூடாது. கி.மு. 475 முதல் 221 வரை சீன நாடு பல அரசுகளாகப் பிரிந்து ஓயாமல் போரிட்டுக்கொண்டிருந்தது. மக்கள் பசித்திருப்பது மேலிருப்பவர்கள் மிகுதியாக வரி உண்பதால்தான் என்றும், போரில் வென்றவன் அந்த வெற்றியை இழவுச் சடங்கைப் போலவே நடத்த வேண்டும் என்றும் அந்த நூல் துணிந்து சொல்கிறது. காட்டுக்குப் போய்விட்ட துறவியின் குரலாக அதைப் படிப்பவர்கள் இந்தப் பகுதிகளைக் கடந்து போய்விடுகிறார்கள். அது பெரும்பாலும் ஆள்பவனை நோக்கிப் பேசும் நூல்.

கேள்வி: ‘செயலற்றிருத்தல்’ என்பதுதான் தாவோவின் சாரம் என்று ஒரு சொற்பொழிவில் கேட்டேன். அருணகிரிநாதர் பெற்ற ‘சும்மா இரு சொல்லற’ என்ற உபதேசமும் இதுவும் ஒன்றுதானா? உழுது பிழைப்பவன் சும்மா இருந்தால் வயிறு நிறையுமா?
— விவசாயி, மேலூர் வட்டம்

பதில்: இரண்டும் ஒன்றல்ல. கந்தரநுபூதியில் வருவது, சொல்லும் நினைவும் அற்ற நிலையில் முருகன் அருளால் வாய்க்கும் அனுபவம். தாவோ நூல்கள் ‘வூ வெய்’ என்று சொல்வது, வேலையின் நடுவே இருந்துகொண்டு, பொருளின் போக்குக்கு எதிராக வலிந்து எதையும் செய்யாதிருப்பது. வேலை செய்யாதவனுக்கு அந்த உபதேசமே தேவைப்படாது.

கி.மு. 4ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தவராகக் கருதப்படும் தாவோ சிந்தனையாளர் சுவாங்ட்சுவின் பெயரால் வழங்கும் நூலில், மூன்றாம் அத்தியாயத்தில், திங் என்ற சமையற்காரர் ஒரு சிற்றரசனின் முன்னிலையில் மாட்டை அறுத்துப் பிரிக்கிறார். சாதாரணச் சமையற்காரன் மாதம் ஒரு கத்தி மாற்றுகிறான், ஏனென்றால் அவன் வெட்டுகிறான். தேர்ந்தவன் ஆண்டுக்கு ஒன்று மாற்றுகிறான், ஏனென்றால் அவன் அரிகிறான். என்னுடைய கத்தியோ 19 ஆண்டுகளாக ஆயிரக்கணக்கான மாடுகளைக் கண்டும் சாணையிலிருந்து இப்போதுதான் எடுத்ததுபோல் இருக்கிறது என்கிறார் அவர். மூட்டுக்கும் மூட்டுக்கும் இடையே இயல்பாகவே வெளி இருக்கிறது, கத்தியின் விளிம்புக்குத் தடிப்பு இல்லை, ஆகவே அது அந்த வெளியில் தாராளமாகப் புகுந்து செல்கிறது என்பது அவர் தரும் விளக்கம். பலரும் எடுத்துக்காட்டும்போது விட்டுவிடுகிற பகுதி இதற்கு அடுத்து வருகிறது: சிக்கலான மூட்டு ஒன்று எதிர்ப்பட்டால் தாம் எச்சரிக்கை அடைந்து, பார்வையை அதிலேயே நிறுத்தி, கையின் வேகத்தைக் குறைத்து, கத்தியை மிக மெல்ல அசைப்பதாக அவர் சொல்கிறார். இத்தனை கவனத்தைச் சோம்பல் என்று எப்படிச் சொல்ல முடியும்?

நீங்கள் விவசாயி என்பதால் இன்னொன்றையும் சொல்ல விரும்புகிறேன். கி.மு. 256 அளவில் சின் அரசின் ஆளுநராக இருந்த லி பிங், சிச்சுவானில் மின் ஆற்றின் வெள்ளத்தைத் தணிக்கத் துஜியாங்யான் என்ற பாசன அமைப்பைத் தொடங்கினார். ஆற்றை மறித்து அவர் அணை கட்டவில்லை. மீன்வாய் எனப்படும் ஒரு கரையை ஆற்றின் நடுவே நிறுத்தி நீரை இரு கிளைகளாகப் பிரித்தார். மலையைக் குடைந்து ஒரு கிளையைச் சமவெளிக்குத் திருப்பினார். மிகுந்த நீரும் மணலும் வழிந்து ஆற்றுக்கே திரும்பத் தாழ்வான ஒரு கலுங்கை அமைத்தார். அந்த அமைப்பு இன்றும் பாசனத்துக்குப் பயன்படுகிறது. வண்டலை ஆழமாகத் தூர்வாரு, தடுப்பைத் தாழ்வாகக் கட்டு என்பது அங்கே வழிவழியாகப் போற்றப்படும் விதி. லி பிங் தாவோ துறவி அல்லர், அரசு அதிகாரி. ஆயினும் அவரையும் அவர் மகனையும் தெய்வமாக வைத்து வணங்கும் தாவோ கோயில் அந்த ஆற்றங்கரையிலேயே இருக்கிறது. தாவோ வழியினர் அவரைத் தம்மவராக ஏற்றுக்கொண்டதில் எனக்கு வியப்பில்லை. உங்கள் கண்மாயில் மடையை எப்போது எவ்வளவு திறப்பது என்று அறிந்த நீர்பாய்ச்சி தண்ணீரைத் தள்ளிக்கொண்டு போவதில்லை; மேட்டையும் பள்ளத்தையும் அறிந்து திறந்துவிடுகிறார். ஆனால் குடிமராமத்து நடக்காத கண்மாயில் அவரால் ஒன்றும் செய்ய இயலாது. வலிந்து செய்யாதிருப்பதற்கு முன்னால் வருத்திச் செய்ய வேண்டிய வேலை நிறைய உண்டு.

கேள்வி: தாவோ ஒரு சிறந்த தத்துவமாகத் தோன்றி, பின்னாளில் கோயில், பூசை, மந்திரம் என்று சீரழிந்து மதமாகிவிட்டது என்பது சரிதானா?
— ஓய்வுபெற்ற ஆசிரியர், மதுரை

பதில்: இந்தக் கருத்து பரவலாக இருக்கிறது. ஆனால் நான் அதை ஏற்பதில்லை. கி.பி. 142இல் சிச்சுவானில் சாங் தாவோலிங் என்பவர், தெய்வமாகிவிட்ட லாவோட்சு தமக்குக் காட்சி தந்ததாக அறிவித்து, வானுலக ஆசான்கள் என்ற நெறியை நிறுவினார். சேர்ந்தவர்கள் ஐந்து படி அளவில் அரிசி கொடுத்ததால், அயலார் அதை ஐந்துபடி அரிசி இயக்கம் என்றே அழைத்தனர். அவருடைய பேரன் சாங் லூ, ஹான் பேரரசு சிதைந்துகொண்டிருந்த நாளில் ஹான்சோங் பகுதியைத் தாமே ஆண்டார். 215இல் சாவ் சாவ் என்ற படைத்தலைவரிடம் பணிந்தார். அவருடைய ஆட்சியில் வழிப்போக்கர்களுக்காகச் சாலையோரம் சத்திரங்கள் இருந்தன, அவற்றில் அரிசியும் இறைச்சியும் விலையின்றி வைக்கப்பட்டிருந்தன. சிறு குற்றம் செய்தவர்கள் தண்டனையாகச் சாலையைச் செப்பனிட்டனர். பேரரசர்களின் போரில் நசுங்கிய குடியானவர்களுக்கு அந்த மதம் அடைக்கலம் தந்தது. லாவோட்சுவின் நூலையே அவர்கள் ஓதும் மறையாகக் கொண்டிருந்தார்கள். இதைச் சீரழிவு என்று சொல்ல எனக்கு மனம் ஒப்பவில்லை.

ரசவாதத்தில் தவறுகள் நேர்ந்ததை மறைக்க வேண்டியதில்லை. 4ஆம் நூற்றாண்டில் கே ஹாங் சாகா மருந்துகளைப் பற்றி விரிவாக எழுதினார். அத்தகைய மருந்துகளில் பாதரசமும் சாதிலிங்கமும் சேர்ந்தன. தாங் பேரரசர்கள் சிலர் அவற்றை உண்டே மாண்டதாகக் கருதப்படுகிறது. வெடிமருந்தும் இந்த ரசவாதிகளின் சோதனைகளிலிருந்துதான் பிறந்தது. நாளடைவில் அடுப்பும் உலையும் பின்னுக்குப் போய், மூச்சையும் மனத்தையும் கொண்டு உடலுக்குள்ளேயே செய்யும் பயிற்சி முன்னுக்கு வந்தது. 12ஆம் நூற்றாண்டில் வாங் சோங்யாங் நிறுவிய சுவான்ஜென் நெறியின் துறவிகள் மணம் செய்துகொள்ளாமல் மடங்களில் வாழ்பவர்கள்; பழைய வானுலக ஆசான்கள் வழிவந்த பூசாரிகள் குடும்பத்தோடு வாழ்பவர்கள். இரு மரபுகளும் இன்றும் இருக்கின்றன.

கேள்வி: பழநியில் நவபாஷாண முருகனை வடித்த போகர்தான் சீனாவுக்குச் சென்று லாவோட்சு ஆனார் என்கிறார்களே?
— வாசகர், பழநி

பதில்: போகர் சீனாவோடு தொடர்புடையவர் என்பது சித்தர் மரபில் ஊன்றிய நம்பிக்கை, மலைக்கோயிலில் உள்ள அவருடைய சமாதியை வணங்குவோரின் பக்தியை நான் மதிக்கிறேன். ஆனால் போகர் பெயரில் வழங்கும் பாடல்களின் மொழிநடை மிகப் பிற்காலத்தது. லாவோட்சுவின் வாசகங்களோ கி.மு. 300 அளவிலேயே மூங்கிலில் எழுதப்பட்டுவிட்டன. இருவரும் ஒருவரே என்பதற்குச் சீனத் தரப்பிலிருந்து இதுவரை ஒரு சான்றும் காட்டப்பட்டதில்லை. பாதரசம், மூச்சுப் பயிற்சி, நெடுவாழ்வு என்று இரு மரபுகளும் நாடியவை ஒன்றுபோல் இருப்பதாலேயே இந்தக் கதை வேர்பிடித்திருக்க வேண்டும்.

உறுதியான தொடர்பு வேண்டுமென்றால் சீனாவின் குவான்சோ துறைமுகத்தைப் பாருங்கள். குப்லாய் கானின் ஆட்சிக்காலத்தில், 1281இல், அங்கிருந்த தமிழ் வணிகர்களின் சிவன் கோயிலுக்காகப் பொறிக்கப்பட்ட தமிழ்க் கல்வெட்டு அந்த ஊரில் கிடைத்திருக்கிறது. அதே ஊரின் சிங்யுவான் மலையடிவாரத்தில், சோங் அரசர் காலத்தில் பாறையில் செதுக்கிய மாபெரும் லாவோட்சு சிலை, நீண்ட காதும் தாடியுமாக இன்றும் அமர்ந்திருக்கிறது. அந்தத் தமிழ் வணிகர்கள் அதைப் பார்த்திருப்பார்கள் என்றே நான் நினைக்கிறேன்.

கேள்வி: தாவோ நெறியில் பெண்களுக்கு இடம் உண்டா?
— இல்லத்தரசி, உசிலம்பட்டி

பதில்: உண்டு. வானுலக ஆசான்கள் நெறியில் பெண்களும் பூசைப் பொறுப்பு ஏற்றனர். அத்தகையவரான வெய் ஹுவாசுன் (252–334) பின்னாளில் ஷாங்சிங் என்ற தாவோ மரபின் முதல் ஆசானாகப் போற்றப்பட்டார். வாங் சோங்யாங்கின் தலைமாணவர் எழுவரில் சுன் பூயர் ஒரு பெண்.

கேள்வி: புதிதாகப் படிப்பவர் எதிலிருந்து தொடங்கலாம்?
— அஞ்சல் ஊழியர், அலங்காநல்லூர்

பதில்: ‘தாவோ தே ஜிங்’கில் உள்ளவை 81 சிறு அத்தியாயங்களே. முதல் அத்தியாயம் கடினமானது என்பதால் அதில் தொடங்கிப் பலர் கைவிட்டுவிடுகிறார்கள். நீரைப் பற்றிய 8, நல்ல அரசனைப் பற்றிய 17, பரிவு, சிக்கனம், முந்தி நிற்கத் துணியாமை என்னும் மூன்று செல்வங்களைச் சொல்லும் 67 ஆகியவற்றை முதலில் படியுங்கள். சுவாங்ட்சுவின் நூலில் இன்று 33 அத்தியாயங்கள் உள்ளன. அவற்றுள் முதல் ஏழுதான் அவருடையவை என்று பொதுவாகக் கொள்ளப்படுகிறது. அந்த ஏழையும் வரிசையாகப் படித்துவிட்டு மற்றவற்றுக்குப் போகலாம்.