அந்த அஞ்சு நாளுக்கு வட்டி உண்டா?

கேள்வி: ஒரு கற்பனை உலகக் கதை எழுதுகிறேன். அந்த உலகத்துக்கென்று தனியாக ஒரு காலண்டர் வேண்டும். எங்கிருந்து தொடங்குவது?

மாதப் பெயர்களில் மட்டும் தொடங்காதீர்கள். நான் அங்கேதான் தொடங்கினேன். சில வருஷங்களுக்கு முன் நானும் இப்படி ஒரு கதை எழுத உட்கார்ந்தேன். மாதத்துக்கு 36 நாள், மொத்தம் பத்து மாதம் என்று வைத்துக்கொண்டு, ஒவ்வொன்றுக்கும் சங்கப் பாட்டு வாசனை அடிக்கிற மாதிரி பெயர் தேடியே ஒரு வாரம் போயிற்று. 360 நாள் ஆயிற்றா, மீதி ஐந்தை வருஷக் கடைசியில் ‘திருவிழா’ என்று ஒட்டிவிட்டுக் கதைக்குள் போய்விட்டேன். கூட்டுறவு வங்கியில் வேலை பார்க்கும் நண்பர் ஒருவரிடம் படிக்கக் கொடுத்தேன். பெயர்களைப் பற்றி அவர் ஒரு வார்த்தை சொல்லவில்லை. “அந்த அஞ்சு நாளுக்கு வட்டி உண்டா?” என்று மட்டும் கேட்டார். என்னிடம் பதில் இல்லை.

அதனால் உங்களை அந்த மிச்சத்திலிருந்தே தொடங்கச் சொல்வேன். நம் வருஷம் 365 நாளும் கிட்டத்தட்ட ஆறு மணி நேரமும். இது வாரத்துக்கும் அடங்காது, மாதத்துக்கும் அடங்காது. எப்படிப் பிரித்தாலும் கையில் கொஞ்சம் மிஞ்சும். மிஞ்சியதை ஒரு ஊர் எங்கே கொண்டுபோய் வைக்கிறது, அன்றைக்கு என்ன செய்கிறது என்று பாருங்கள். ஊர்க்காரர்கள் யார் என்பது பாதி தெரிந்துவிடும்.

இதைப் பிரமாதமாகச் செய்தவர் ஆங்கில எழுத்தாளர் டோல்கீன். ‘தி லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ மூன்றாம் பாகம் 1955இல் வந்தது. அந்தக் கதையில் வரும் குள்ள மனிதர்கள் ஹாபிட்கள், அவர்களுடைய நாடு ஷயர். அந்த ஷயர் காலண்டரைப் பின்னிணைப்பில் முழுக்கக் கொடுத்திருக்கிறார். (பின்னிணைப்பையெல்லாம் யார் படிப்பார்கள் என்று தாண்டிப் போனவர்களில் நானும் ஒருவன்.) பன்னிரண்டு மாதம், எல்லாமே முப்பது நாள். மிச்சம் ஐந்தில் இரண்டு குளிர்காலத்தில்: வருஷத்தின் கடைசி நாளும் முதல் நாளும். மற்ற மூன்றும் நட்டநடுக் கோடையில். லீப் வருஷமானால் கோடையில் இன்னொரு நாள் கூடும், அன்றைக்குக் கொண்டாட்டமும் கூடும். இந்த நாட்கள் எந்த மாதத்திலும் சேராது.

இதோடு நின்றிருந்தால் என் ‘திருவிழா’வுக்கும் அதற்கும் பெரிய வித்தியாசமில்லை. ஹாபிட்கள் ஒரு படி மேலே போகிறார்கள். வருஷா வருஷம் கிழமை தள்ளிப் போவது அவர்களுக்குத் தொந்தரவாக இருக்கிறது. ஆகவே வருஷத்தின் நடு நாளையும் லீப் நாளையும் வாரக் கணக்கிலிருந்தே தூக்கிவிடுகிறார்கள். அந்த நாட்களுக்குக் கிழமையே கிடையாது. மிஞ்சுவது 364, சரியாக 52 வாரம். எல்லா வருஷமும் சனிக்கிழமை பிறந்து வெள்ளிக்கிழமை முடியும். ஒரு தேதிக்கு என்றைக்கும் ஒரே கிழமைதான். ஒரு காலண்டர் வாங்கினால் பேரன் காலம் வரை ஓடும். சிவகாசிக்காரர்களுக்கு அங்கே பிழைப்பில்லை.

இந்த ஏற்பாட்டிலிருந்து ஒரு வேடிக்கை தானாக விழுகிறது. நானே தாளில் போட்டுப் பார்த்தேன்: மாதங்கள் ஞாயிறு, செவ்வாய், வியாழன், சனி, திங்கள், புதன் என்று பிறக்கின்றன, நடுக்கோடைக்கு அப்புறம் மறுபடியும் அதே வரிசை. எந்த மாதமும் வெள்ளிக்கிழமை பிறப்பதில்லை. அதனால் நடக்கவே நடக்காத காரியத்தை ஹாபிட்கள் ‘வெள்ளிக்கிழமை ஒன்றாம் தேதி’ நடக்கும் என்பார்கள். நம் பெட்டிக்கடையில் ‘இன்று ரொக்கம், நாளை கடன்’ என்று எழுதியிருக்குமே, அந்த நாளை மாதிரி. காலண்டரை ஒழுங்காகக் கட்டினால் பழமொழியைத் தனியாக யோசிக்க வேண்டியதில்லை.

பெயர்களும் அப்படித்தான். டோல்கீன் பழைய ஆங்கிலம் கற்பித்த பேராசிரியர். எட்டாம் நூற்றாண்டுத் துறவி பீட் குறித்துவைத்த பழைய மாதப் பெயர்களையே தேய்த்துப் பயன்படுத்தினார். மே மாதத்துக்கு அவர் வைத்த ‘த்ரிமிட்ஜ்’, மாடு நாளுக்கு மூன்று வேளை பால் கறக்கும் மாதம் என்ற பழம்பெயரிலிருந்து வந்தது. நான் வைத்த பெயர்களில் மாடும் இல்லை, பாலும் இல்லை.

சரி, கிழமையில்லாத நாள் என்பது நடக்கிற காரியமா? ஷயருக்கு வெளியே நம் உலகத்திலும் முயன்றிருக்கிறார்கள். எலிசபெத் அக்கெலிஸ் என்ற அமெரிக்கப் பெண்மணி 1930 முதல் பரப்பிய ‘உலக நாட்காட்டி’யிலும் இதே 364 கணக்குதான், வருஷக் கடைசியில் கிழமையற்ற ஒரு நாள். 1950களில் அதை ஐ.நா.வுக்குக் கொண்டுபோனதே இந்தியாதான். விஞ்ஞானி மேக்நாத் சாகா அதற்காக வாதாடினார். ஆனால் ஏழு நாள் சுற்று ஒருமுறை அறுந்தால் ஓய்வுநாளும் தொழுகை நாளும் இடம் மாறிப்போகும் என்று மதத் தரப்புகளிலிருந்து எதிர்ப்பு வந்தது, அமெரிக்காவும் ஒத்துக்கொள்ளவில்லை. திட்டம் கிடப்பில் போயிற்று. எங்கள் பாட்டி இருந்திருந்தால் அவளே ஒரு மனு போட்டிருப்பாள். கிழமை இல்லாத நாளில் ராகு காலம் எப்போது என்று எப்படிப் பார்ப்பது?

ஹாபிட்களுக்கு இந்தச் சிக்கலே வரவில்லை. அவர்களுடைய வாரத்தில் பெரிய நாள் வெள்ளி. மதியத்துக்கு மேல் வேலை கிடையாது, சாயங்காலம் விருந்து. விருந்து ஒரு நாள் தள்ளிப் போனால் சண்டைக்கு வருகிறவர் யாருமில்லை. உங்கள் உலகத்தில் வாரம் ஒரு புனித நாள் உண்டென்றால் இதே சீர்திருத்தம் ஊரையே இரண்டாக்கிவிடும். அதுவே உங்கள் கதையாகவும் ஆகலாம்.

நண்பருடைய கேள்விக்கு அப்புறம் நான் பெயர்களை எல்லாம் அடித்துவிட்டு, ஐந்து நாளுக்கு வட்டி கிடையாது என்று முடிவு செய்தேன். உடனே கதைக்குள் எல்லாரும் அந்த ஐந்து நாளில் மட்டும் கடன் வாங்கக் கிளம்பிவிட்டார்கள். வட்டிக்காரர்கள் முதல் நாள் காலையிலேயே கடையைப் பூட்டிக்கொண்டு வெளியூர் போகிறார்கள். இப்போது ஒன்பதாவது அத்தியாயத்தில் இருக்கிறேன். லீப் நாளை என்ன செய்வது என்று இன்னும் பிடிபடவில்லை.