ஓட்டுப் போட்டுக் கடவுளாக்கினார்களா?

கேள்வி: கி.பி. 325இல் நிசேயாவில் கூடிய ஆயர்கள் ஓட்டெடுப்பு நடத்தி இயேசுவைக் கடவுளாக்கிவிட்டார்கள், அதுவரை அவர் வெறும் போதகர்தான் என்று ஒரு காணொளியில் கேட்டேன். அன்றிலிருந்து சபையின் நம்பிக்கை அறிக்கையான விசுவாசப் பிரமாணம் சொல்லும்போது நாக்கு தடுமாறுகிறது. உண்மை என்ன?

பதில்: இருபத்தாறு ஆண்டுகள் திருச்சபை வரலாறு கற்பித்தவன் நான். இந்தக் கேள்வி வகுப்பில் எழும்போதெல்லாம் நான் முதலில் படித்துக்காட்டியது ஆயர் எவரும் எழுதியதை அல்ல, கிறிஸ்தவர்களைத் தண்டித்த ஓர் அதிகாரி எழுதிய கடிதத்தை.

கி.பி. 112 வாக்கில் ரோம ஆளுநர் பிளினி, பேரரசர் டிராஜனுக்கு அதை எழுதினார். கிறிஸ்தவ நெறியை விட்டுவிட்டதாகச் சொன்னவர்களின் வாக்குமூலம் அதில் இருக்கிறது: குறித்த நாளில் விடியுமுன் கூடுவோம், கிறிஸ்துவைத் தெய்வமாகப் போற்றி மாறிமாறிப் பாடுவோம். உண்மையை வரவழைக்க இரண்டு அடிமைப் பெண்களைச் சித்திரவதை செய்ததையும் பிளினி அதிலேயே எழுதியிருக்கிறார். அவர் ஆண்ட பகுதி பித்தினியா, இன்றைய துருக்கியின் வடமேற்குப் பகுதி. நிசேயா அந்தப் பித்தினியாவில்தான் இருந்தது. ஆயர்களின் அந்தச் சங்கம் கூடுவதற்கு இருநூறு ஆண்டுகளுக்கு முன்பே, அதே மண்ணில் அந்தப் பாட்டு பாடப்பட்டுக்கொண்டிருந்தது.

அப்படியானால் நிசேயாவில் எதைப் பற்றித்தான் வாதாடினார்கள்? எகிப்தின் அலெக்சாந்திரியா நகரக் குரு ஆரியுஸ்கூட இயேசுவை வெறும் மனிதர் என்று சொல்லவில்லை. உலகம் தோன்றுமுன்பே இருந்தவர், எல்லாப் படைப்புக்கும் மேலானவர், ஆனாலும் தந்தையால் படைக்கப்பட்டவர் என்றார். ‘அவர் இல்லாதிருந்த நிலை ஒன்று உண்டு’ என்பது அவர் தரப்பின் முழக்கம். அதற்குத்தான் சங்கம் ‘உதித்தவர், உண்டாக்கப்பட்டவர் அல்ல’ என்று தன் நம்பிக்கை அறிக்கையில் மறுமொழி சொன்னது. கடைசிவரை மறுத்து நின்ற ஆயர்கள் இருவர், இருவருமே லிபியாவைச் சேர்ந்தவர்கள். ஆரியுசுடன் அவர்களும் நாடு கடத்தப்பட்டார்கள்.

பேரரசர் கான்ஸ்டன்டைனுக்கு அஞ்சிக் கையெழுத்திட்டவர்கள் இருந்திருப்பார்களே என்று நீங்கள் கேட்கலாம். இருந்தார்கள். செசரியாவின் ஆயர் யூசேபியுஸ், தாம் ஏன் சம்மதித்தார் என்று தம் சபையாருக்கு எழுதிய கடிதத்தைப் படித்தால் அவருடைய சங்கடம் தெரியும். இதை மறைக்கத் தேவையில்லை. ஆனால் பேரரசரின் விருப்பமே எல்லாவற்றையும் முடிவுசெய்தது என்றால் கதை வேறு விதமாக முடிந்திருக்கும். அதே கான்ஸ்டன்டைன் சில ஆண்டுகளில் ஆரியுசைத் திரும்ப அழைத்தார். நிசேயாவின் தீர்மானத்தை விட்டுக்கொடுக்காத அலெக்சாந்திரியா ஆயர் அத்தனாசியாரை 335இல் நாடு கடத்தினார். மரணப் படுக்கையில் கான்ஸ்டன்டைன் திருமுழுக்குப் பெற்றதும் ஆரியுசின் நண்பரான நிக்கோமேதியா ஆயரிடம்தான். அவருக்குப் பின் வந்த மகன் கான்ஸ்டான்சியுஸ் நிசேயாவை வெளிப்படையாகவே எதிர்த்தார். அத்தனாசியார் ஐந்து முறை துரத்தப்பட்டார். ஆயராக இருந்த நாற்பத்தைந்து ஆண்டுகளில் ஏறத்தாழ பதினேழு ஆண்டுகள் ஊரைவிட்டு வெளியே கழிந்தன. அரண்மனை கைவிட்ட பிறகும் நிசேயாவின் அறிக்கை நிலைத்தது. எனக்கு இதைவிட வலுவான சான்று தேவைப்பட்டதில்லை.

கேள்வி: விவிலியத்தில் எந்தெந்த நூல்கள் இடம்பெற வேண்டும் என்பதையும் நிசேயாதான் முடிவுசெய்ததா?

பதில்: இல்லை. நிசேயாவின் இருபது ஒழுங்குவிதிகள் நம் கையில் இருக்கின்றன. நூல் பட்டியல் அவற்றில் இல்லை. இன்றைய புதிய ஏற்பாட்டின் 27 நூல்களையும் கூடாமல் குறையாமல் குறிப்பிடுவதாக நமக்குக் கிடைக்கும் மிகப் பழைய பட்டியல், அத்தனாசியார் 367இல் எழுதிய உயிர்ப்புப் பெருவிழா மடலில் இருக்கிறது.

கேள்வி: விசுவாசப் பிரமாணத்தில் இயேசுவைத் தந்தையோடு ‘ஒரே பொருளானவர்’ என்கிறோம். இந்தச் சொல் விவிலியத்தில் இல்லையே. இல்லாத சொல்லைப் புகுத்த நிசேயாவின் ஆயர்களுக்கு என்ன உரிமை?

பதில்: உங்கள் கோபம் அன்றே பல ஆயர்களுக்கும் இருந்தது. அதற்குக் காரணமும் உண்டு. 268இல் அந்தியோக்கியாவில் அந்நகர ஆயர் சமோசத்தாவின் பவுலைக் கண்டித்தவர்கள், அவர் பயன்படுத்திய பொருளில் இதே கிரேக்கச் சொல்லைத் தள்ளியிருந்தார்கள். ‘ஒரே பொருளானவர்’ என்பதன் கிரேக்க மூலமான ‘ஹோமோஊசியோஸ்’ சந்தேகத்துக்குரிய பழைய சொல்.

பிறகு ஏன் அதையே எடுத்தார்கள்? அத்தனாசியார் எழுதிவைத்திருக்கும் காட்சி என் மனத்தை விட்டு அகலாதது. முதலில் ஆயர்கள் விவிலியச் சொற்களையே முன்வைத்தார்களாம். மகன் ‘கடவுளிடமிருந்து வந்தவர்’ என்று எழுதுவோம் என்றார்கள். எதிர்த் தரப்பினர் தங்களுக்குள் கிசுகிசுத்து, கண்ணால் ஜாடை காட்டிக்கொண்டார்கள்: எழுதட்டும், எல்லாமே கடவுளிடமிருந்து வந்தவைதானே! ‘கடவுளின் சாயல்’ என்றபோதும் அப்படியே: மனிதனும் கடவுளின் சாயல்தானே! எந்த வசனத்தை எடுத்தாலும் அவர்கள் தங்கள் பொருளை அதற்குள் நுழைத்துவிட முடிந்தது. இறுதியில், அவர்களால் எந்த வழியிலும் வளைக்க முடியாத ஒரு சொல்லைத் தேடவேண்டி வந்தது. ஆகவே அந்தச் சொல்லை விவிலியத்தோடு சேர்த்த கூடுதல் சரக்காக நான் பார்ப்பதில்லை. விவிலியத்தை எப்படிப் படிக்கக் கூடாது என்று நட்ட எல்லைக்கல் அது.

அந்தக் கல் ஒரே நாளில் ஊன்றிவிடவில்லை. 359இல் ரிமினியிலும் செலூக்கியாவிலும் கூடிய பெரிய சங்கங்களில் அந்தச் சொல்லையே கைவிடும் அறிக்கைக்கு ஆயர்கள் பணியவைக்கப்பட்டார்கள். 381இல் கான்ஸ்டான்டிநோபிளில் கூடிய சங்கம் நிசேயாவை மீண்டும் உறுதிப்படுத்தியது. தூய ஆவியாரைத் தந்தையோடும் மகனோடும் ஒன்றாக ஆராதிக்கிறோம் என்ற நம்பிக்கையும் அதோடு சேர்ந்தது. நாம் இன்று சொல்லும் வடிவம் அடிப்படையில் அதுதான். நடுவில் ஐம்பத்தாறு ஆண்டுகள்! சங்கம் கூடிக் கையெழுத்திட்டால் மட்டும் கோட்பாடு உருவாகிவிடாது. சபை அதைத் தன் செபத்தில் ஏற்று வாழ வேண்டும்.

கேள்வி: கல்செதோன் சங்கம் சபையை ஒன்றாக்கியதா, உடைத்ததா?

பதில்: இரண்டும் நடந்தது. நேர்மையாகச் சொன்னால், இந்த ஒரு சங்கத்தைப் பற்றி வகுப்பெடுக்கும் நாளில் என் குரல் தாழ்ந்துவிடும்.

கிறிஸ்துவில் இறைத்தன்மையும் மனிதத்தன்மையும் எப்படி இணைந்திருக்கின்றன என்ற வாதத்தைத் தீர்க்க 449இல் எபேசில் ஒரு சங்கம் கூடியது. அதையும் பேரரசர்தான் கூட்டினார். படைவீரர்கள் கோயிலுக்குள் நுழைந்தார்கள். வெற்றுத்தாளில் கையெழுத்திட வைத்தார்கள் என்று ஆயர்களே பின்னர் முறையிட்டார்கள். கான்ஸ்டான்டிநோபிளின் ஆயர் பிளாவியன் பதவி பறிக்கப்பட்டு, சிறிது காலத்திலேயே இறந்தார். திருத்தந்தை லியோ அதைக் கொள்ளைக்கூட்டம் என்றார். அதைச் சரிசெய்யத்தான் 451இல் கல்செதோனில், புனித யூஃபேமியா கோயிலில் கூடினார்கள். கிறிஸ்து ஒருவரே, இறைத்தன்மை, மனிதத்தன்மை என்ற இரு இயல்புகளும் அவரில் ‘கலவாமல், மாறாமல், பிளவுபடாமல், பிரியாமல்’ இருக்கின்றன என்று அறிக்கையிட்டார்கள். நான்கும் எதிர்மறைச் சொற்கள். மறைபொருள் எப்படி நிகழ்கிறது என்று விளக்க முனையாமல், எங்கே தவறிப்போவோம் என்று மட்டும் காட்டுகின்றன. அந்த அடக்கத்தை நான் மிகவும் மதிக்கிறேன்.

ஆனால் எகிப்தியருக்கும் சீரியருக்கும் ‘இரு இயல்புகள்’ என்பது கிறிஸ்துவை இரண்டாகப் பிளப்பதாகவே ஒலித்தது. ‘இயல்பு’ என்று கிரேக்கர் சொன்னபோது அவர்கள் கேட்டது ஏறக்குறைய ‘ஆள்’ என்று. எகிப்தின் கோப்து சபை, சீரியா, அர்மேனியா, எத்தியோப்பியா சபைகள் விலகி நின்றன. அடுத்து வந்த பேரரசர்கள் பேச்சுவார்த்தையும் நடத்தினார்கள், படையையும் அனுப்பினார்கள். காயம் ஆறவில்லை.

1984இல் திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுலும் அந்தியோக்கியாவின் சீரிய ஆர்த்தடாக்ஸ் சபைத் தலைவரான பிதாப்பிதா முதலாம் சாக்காவும் கூட்டறிக்கை ஒன்றில் கையெழுத்திட்டார்கள். அந்தப் பிளவுகள் நம்பிக்கையின் உட்பொருளைத் தொடவில்லை, சொல்வழக்கிலும் பண்பாட்டிலும் இருந்த வேறுபாட்டால் வந்தவை என்று இருவரும் ஒப்புக்கொண்டார்கள். 1533 ஆண்டுகள் கழித்து. அந்த அறிக்கையை வகுப்பில் முதன்முறை படித்த அன்று பாடத்தை அதற்கு மேல் என்னால் தொடர முடியவில்லை.