வாசகர் கேள்விகள்: தேதி தவறாத வெளிச்சம்

கேள்வி: ஒரு கற்பனை உலகத்தை வைத்து நாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். அங்கே வருடத்தில் ஒரே ஒரு ராத்திரி மட்டும் வானத்திலிருந்து பச்சை ஒளி கொட்டும். இறந்துபோனவர்கள் ஊருக்கு வந்து போகிறார்கள் என்று ஜனங்கள் நம்புகிறார்கள். படித்துப் பார்த்த தோழி, "அது ஏன் அதே நாளில் வருகிறது?" என்று கேட்டுவிட்டாள். மந்திரம் என்று சொல்லித் தப்பிக்கலாமா?

பதில்: தாராளமாகத் தப்பிக்கலாம். ஆனால் தோழியின் கேள்விக்கு நம் வானத்திலேயே விடை இருக்கிறது. அது மந்திரத்தைவிடச் சுவையானது என்பது என் கட்சி.

அந்த ஒளி நாள் பார்த்துக் கிளம்பி வருவதில்லை. உங்கள் உலகம்தான் அதற்குள் போய் நுழைகிறது. சூரியனைச் சுற்றும் வால்நட்சத்திரம் ஒன்று போகிற வழியெல்லாம் தூசியை இறைத்துவிட்டுப் போகும். அந்தத் தூசி ஓர் ஆறு மாதிரி அதே பாதையில் ஓடிக்கொண்டே இருக்கும். நம் பூமி அந்த ஆற்றைக் கடக்கும் துறை ஒன்றுதான். அதனால் தேதியும் ஏறக்குறைய ஒன்றுதான். ஆகஸ்ட் 12, 13 தேதிகளில் உச்சத்துக்கு வரும் பெர்சீட் எரிநட்சத்திர மழை அப்படிப்பட்டது. அந்தத் தூசிக்குச் சொந்தக்காரரான ஸ்விஃப்ட்-டட்டில் வால்நட்சத்திரம் சுமார் 133 வருடத்துக்கு ஒருமுறைதான் சூரியன் பக்கம் எட்டிப் பார்க்கும். கடைசியாக வந்தது 1992-ல். ஆள் வருவதில்லை, ஆனால் அவர் இறைத்தது மட்டும் வருடா வருடம் நம் தலைமேல் எரிகிறது. இறந்தவர்கள் வந்து போகிற கதைக்கு இதைவிடப் பொருத்தமான காரணம் எனக்குத் தெரியவில்லை.

இன்னொரு வசதியும் உண்டு. எரிநட்சத்திரங்கள் பெரும்பாலும் நள்ளிரவுக்கு மேல்தான் கூடும். மழையில் ஓடும் பஸ்ஸில் முன்கண்ணாடியில்தானே அதிகமாகத் துளிகள் அறையும்? பின்னிரவில் நாம் நிற்பது பூமியின் முன்கண்ணாடிப் பக்கம். அதோடு எல்லாக் கோடுகளும் வானத்தில் ஒரே புள்ளியிலிருந்து கிளம்புவதுபோலத் தெரியும். நேர்த் தண்டவாளம் தூரத்தில் ஒன்றுசேர்வதுபோலத் தோன்றுமே, அதே கண்மயக்கம்தான். உங்கள் ஜனங்கள் அந்தப் புள்ளியை வாசல் என்று சொல்வார்கள். சொல்லாவிட்டால்தான் ஆச்சரியம்.

பச்சை நிறம்? மெக்னீசியம் கலந்த துகள் நீலப்பச்சையாக எரியும். வானம் முழுக்கத் திரைச்சீலை மாதிரி அசையும் பச்சைதான் வேண்டும் என்றால் அது துருவ ஒளி. சுமார் 100 கிலோமீட்டருக்கு மேலே ஆக்சிஜன் தரும் நிறம். ஆனால் அது சூரியனின் மனநிலையைப் பொறுத்தது. மார்ச், செப்டம்பரை ஒட்டிக் கொஞ்சம் கூடும், அவ்வளவுதான். தேதியெல்லாம் வைத்துக்கொள்ளாது. ஒரே ராத்திரி என்றால் தூசி ஆற்றையே பிடித்துக்கொள்ளுங்கள்.

நான் முக்கியமாகச் சொல்ல வந்தது வேறு. எல்லா வருடமும் ஒரே அளவு கொட்டவிடாதீர்கள். நவம்பரில் வரும் லியோனிட் சாதாரண வருடங்களில் மணிக்குப் பத்துப் பதினைந்து தேறினால் பெரிது. அதன் வால்நட்சத்திரம் சுமார் 33 வருடத்துக்கு ஒருமுறை வரும்; அதையொட்டிச் சில தடவை தூசி கனமாக இருக்கும். 1833 நவம்பரில் வட அமெரிக்காவில் மணிக்குப் பல ஆயிரமாகக் கொட்டியபோது, உலகம் முடிந்தது என்று நடுங்கியவர்கள் உண்டு. தேதியும் மெல்ல நகரும். 902-ஆம் ஆண்டில் இதே லியோனிட் பெய்தது அக்டோபரில். உங்கள் பூசாரிகள் பழைய ஓலையைப் பார்த்து நாள் குறிக்கிறவர்களாக இருந்தால், ஆயிரம் வருடம் கழித்துத் திருவிழா ஒரு நாளிலும் ஒளி வேறொரு நாளிலும் வந்து நிற்கும். யார் பக்கம் சேர்வது என்று ஊர் இரண்டுபடும். எனக்கு அந்த நாவலைப் படிக்க ஆசை.

அப்புறம் ஒரு சின்னக் குறை. மாதிரிக்கு நீங்கள் அனுப்பிய பக்கத்தில் நாயகன் கையில் தீப்பந்தம் இருக்கிறது. பந்தத்தைப் பிடித்துக்கொண்டு மேலே பார்த்தால் பாதி ஒளி தெரியாது. கண் இருட்டுக்குப் பழக இருபது, முப்பது நிமிடம் வேண்டும். ஒரு டிசம்பரில் ஜெமினிட் பார்க்க மொட்டை மாடியில் பாய் விரித்துப் படுத்தேன். மூக்குக்கண்ணாடியில் பனி படிந்து, துடைத்துத் துடைத்துப் பதினொன்று எண்ணியிருந்தேன். மணி என்ன என்று போனை ஒரே ஒரு தடவை பார்த்தேன். அவ்வளவுதான், மறுபடி வானம் கறுப்புத் துணியாகிவிட்டது. பக்கத்தில் படுத்திருந்தவர் மட்டும் "அதோ, அதோ" என்றுகொண்டிருந்தார். பந்தத்தை அணைக்கச் சொல்லுங்கள்.

கேள்வி: என் கதை உலகத்துக்கு இரண்டு நிலா. ஒளி ராத்திரியில் அவை இடைஞ்சலா?

பதில்: பெரிய இடைஞ்சல். பௌர்ணமி வெளிச்சத்தில் மங்கலானவை எல்லாம் காணாமல் போகும். ஆனால் கணக்கு போட்டால் கதைக்கு லாபம். ஒரு நிலாவுக்கு மாதம் 24 நாள், இன்னொன்றுக்கு 40 நாள், வருடம் 365 நாள் என்று வையுங்கள். இந்த வருட ஒளி ராத்திரியில் இரண்டுக்கும் அமாவாசை என்றால், மறுபடி சரியாக அப்படி அமைய 24 வருடம் ஆகும். ஒரு பாட்டி தன் ஆயுளில் மூன்று முறை பார்த்திருப்பாள்.

கேள்வி: ஒளி விழும்போதே இடிபோலச் சத்தம் கேட்கலாமா?

பதில்: கூடாது. மணல் அளவு துகளுக்குச் சத்தமே கேட்காது. பெரிய கல் வெடித்தால் கேட்கும், ஆனால் தாமதமாக. 2013-ல் ரஷ்யாவின் செல்யாபின்ஸ்க் நகரத்துக்கு அருகே சுமார் 30 கிலோமீட்டர் உயரத்தில் ஒரு விண்கல் வெடித்தது. வெளிச்சத்தைக் கண்டு ஜன்னலுக்கு ஓடி வந்து நின்றவர்கள்மீது, ஒரு நிமிடத்துக்கும் மேல் கழித்து வந்த அதிர்வு கண்ணாடியை உடைத்துக் கொட்டியது. காயம்பட்டவர்கள் சுமார் 1,500 பேர். நீங்கள் எழுத வேண்டியது அந்த ஒரு நிமிடத்தை.