கினபாலு மலை உச்சிக்கு ஏன் அதிகாலை 2 மணிக்கே கிளம்புகிறார்கள்?

மலேசியாவின் சபா மாநிலத்தில் உள்ள கினபாலு (4,095 மீட்டர்) இரண்டு நாள் ஏற்றம். அனுமதிச் சீட்டும் வழிகாட்டியும் கட்டாயம். தங்குமிடத்தில் படுக்கை கிடைத்தால்தான் பயணமே, அதனால் அதை முதலில் பதிவு செய்யுங்கள். முதல் நாள் 1,866 மீட்டரில் உள்ள திம்போஹோன் வாயிலிலிருந்து காட்டுப் படிகளில் 6 கி.மீ. ஏறி, சுமார் 3,270 மீட்டரில் உள்ள பனலாபானில் தங்கல். மீதி 2.7 கி.மீ. தூரத்தைத்தான் இருட்டில், தலைவிளக்கோடு ஏறுகிறார்கள்.

காரணம் மேகம். வெயில் ஏற ஏற அடிவாரக் காட்டின் ஈரக்காற்று மேலெழும்பிக் குளிர்ந்து, இட்லிப் பானை மூடியில் ஆவி நீராகக் கோப்பதுபோல மேகமாகிறது. பிற்பகலில் பெரும்பாலும் மழைதான். மேற்பகுதியோ பனியுகப் பனியாறுகள் தேய்த்து வழவழப்பாக்கிய மொட்டைக் கருங்கல். நனைந்தால் அதில் ஓடையே ஓடும், கால் நிற்காது. அங்கே கட்டியிருக்கும் வெள்ளைக் கயிறு பிடித்து ஏறவும், மேகம் மூடினால் வழி தெரியவும்தான். கையுறை இல்லாமல் பிடித்தால் விரல் விறைத்துவிடும்.

சூரிய உதயம் பார்க்கத்தான் இந்த அவசரம் என்று பலர் நினைக்கிறார்கள். அது கூடுதல் லாபம். மழை வருமுன் பாறையைவிட்டு இறங்குவதே கணக்கு.